நூற்று இருபத்தோராவது இடம்

ஜொகூர் பாருவிலிருந்து சிங்கப்பூருக்குப் போகும் எங்கள் கம்பெனி பஸ்ஸில் ஏறியதும் எல்லாரும் தூங்கிவிடுவார்கள். எல்லைப் பாலத்தில் வண்டி ஊர்ந்துகொண்டிருக்கும். இரண்டு பக்கமும் கஸ்டம் என்கிற சுங்கச் சோதனையில் இறங்கி, பாஸ்போர்ட்டைக் காட்டி, மறுபடி ஏறி உட்கார்ந்தால் அடுத்த நிமிஷமே தலை சாய்ந்துவிடும். என் பக்கத்தில் உட்காரும் வலேரி மட்டும் தூங்க மாட்டாள். கைப்பையிலிருந்து உள்ளங்கை அகலத்தில் ஒரு விளையாட்டு மெஷினை எடுப்பாள். மூடியைத் திறந்து இரண்டு நிமிஷம் பார்ப்பாள். மூடி, ஒரு சின்னத் துணியில் சுற்றி, பைக்குள் வைத்துவிடுவாள். அப்புறம் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு வருவாள்.

விளையாடுகிறாள் என்றுதான் முதலில் நினைத்தேன். ஒரு நாள் எட்டிப் பார்த்தேன். திரையில் வெள்ளையாக ஒரு சின்ன மிருகம் வாலைச் சுருட்டிக்கொண்டு தூங்கியது. குட்டிப் புனுகுப்பூனை போல இருந்தது. அவள் எந்தப் பொத்தானையும் அழுத்தவில்லை.

"என்னம்மா அது, பூனையா?" என்று கேட்டேன்.

"இதோட பேரு நிவி, அக்கா."

"விளையாட மாட்டியா?"

"விளையாடி முடிச்சு ரொம்ப நாளாச்சு. இருக்கான்னு பார்ப்பேன்."

"அது எங்கம்மா போயிடப் போவுது?"

அவள் மெஷினைத் துணியில் சுற்றிப் பைக்குள் வைத்தாள். இது நடந்தது ஆறேழு வருஷத்துக்கு முன்னால். அப்போது அவளுக்கு முப்பது வயது, எனக்கு நாற்பத்தேழு. இருவரும் ஒரே தொழிற்சாலையில் கம்ப்யூட்டர் சில்லுகளைச் சோதித்துப் பார்க்கும் பிரிவில் வேலை. பாலத்தில் பஸ் நகராமல் நின்ற காலைகளில் அவள் தன் கதையைத் துண்டு துண்டாக எனக்குச் சொன்னாள். எனக்கு விளையாட்டைப் பற்றி ஒன்றும் தெரியாது. எனக்குப் புரிந்த மாதிரிதான் இங்கே சொல்கிறேன்.

வலேரி வளர்ந்தது பெக்கோக் பக்கத்தில் ஒரு செம்பனைத் தோட்டத்தில். அவள் அப்பா மரியநாதன் தோட்டத்துக் கிளினிக்கில் டிரசர். காயத்துக்கு மருந்து கட்டுவார், காய்ச்சலுக்கு ஊசி போடுவார். ராத்திரியில் யாருக்காவது பிரசவ வலி என்றால் வண்டி பிடித்து அனுப்புவார். ஒரே பிள்ளை வலேரி. இரண்டாயிரத்து ஒன்றில், அவளுக்குப் பதின்மூன்று வயதாகும்போது, சிகாமட்டில் ஒரு பழைய சாமான் கடையில் கீறல் விழுந்த விளையாட்டு மெஷின் ஒன்றை வாங்கிவந்து கொடுத்தார். சோப்பு டப்பா போலத் தடியாக இருக்குமாம். நாலு பேட்டரி போட வேண்டும். உள்ளே ஒரு கேசட் செருகியிருந்தது. அந்த விளையாட்டின் பெயர் கெமோரா.

கெமோரா ஒரு தீவு. அதில் நூற்று இருபது விதமான பிராணிகள் ஒளிந்திருக்கும். புல்லுக்குள்ளும் குகைக்குள்ளும் கடலடியிலும் தேடிப் பிடிக்க வேண்டும். பிடித்ததெல்லாம் ஒரு பதிவேட்டில் படத்தோடு ஏறும். நூற்று இருபதையும் பிடித்துவிட்டால் அதற்குக் கீழே இன்னொரு இடம் திறக்கும். எண் நூற்று இருபத்தொன்று. பெயரும் இருக்காது, படமும் இருக்காது.

அந்த வருஷம் இடைநிலைப் பள்ளியில், தமிழ்ப் பள்ளியிலிருந்து வருகிறவர்கள் முதலில் படிக்கும் ரிமூவ் வகுப்பில், அவளுக்கு ஆப்ரின் தோழியானாள். பெக்கோக் ரயில் நிலையத்துக்கு எதிரே ஆப்ரினின் அப்பா, அவள் அத்தா என்று கூப்பிடும் ஜெகபர் சாதிக், உணவுக்கடை வைத்திருந்தார். ஆப்ரினிடமும் அதே விளையாட்டு இருந்தது. பள்ளி விட்டதும் கடையின் பின்பக்கம், ரொட்டி மாவு உருண்டைகள் அடுக்கியிருக்கும் மேசையின் ஓரத்தில், இரண்டு மெஷின்களையும் ஒயரால் இணைத்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவார்கள். ஒரே வருஷத்தில் இருவருக்கும் நூற்று இருபது நிறைந்துவிட்டது. அப்புறம் அந்தக் காலி இடம் மட்டும்தான் மிச்சம்.

அங்கே வர வேண்டியதன் பெயர் நிவி என்று மட்டும் பள்ளிக்கூடத்தில் எல்லாருக்கும் தெரிந்திருந்தது; அதைப் பிடிக்க ஆளுக்கொரு கதை சொன்னார்கள். தீவின் கலங்கரை விளக்கத்தை எழுபத்தேழு முறை சுற்றினால் நிவி வரும் என்றான் ஒருத்தன். நடுவில் ஓர் அடி பிசகினாலும் முதலிலிருந்து தொடங்க வேண்டும். ஆப்ரின் எண்ணினாள், வலேரி பொத்தானை அழுத்தினாள். எழுபத்தேழு முடிந்தது, நிவி வரவில்லை. பிடித்த அத்தனையையும் காட்டில் திறந்துவிட்டால்தான் வரும் என்றாள் இன்னொருத்தி. வலேரி உண்மையிலேயே திறந்துவிட்டாள். ஒரு வருஷம் பாடுபட்டுப் பிடித்த நூற்று இருபதையும் ஒவ்வொன்றாக, பெயர் சொல்லி விட்டாளாம். அதற்கும் ஒன்றும் நடக்கவில்லை. மறுநாளிலிருந்து முதல் பிராணியைத் தேடிப் புறப்பட்டாள்.

மூன்று வருஷம் கழித்து சிகாமட்டில் ஒரு சைபர் கஃபேயில் உட்கார்ந்து உண்மையைப் படித்தார்கள். அந்தத் தீவில் எங்கே தேடினாலும் நிவி கிடைக்காது. விளையாட்டைச் செய்த கம்பெனி எப்போதாவது ஒரு ஊரில் இரண்டு மூன்று நாள் முகாம் போடும். மெஷினைக் கொண்டுபோய் நீட்டினால் அவர்கள் கையால் ஏற்றிக் கொடுப்பார்கள். ஜப்பானில் கொடுத்திருக்கிறார்கள், அமெரிக்காவில் கொடுத்திருக்கிறார்கள், நம் பக்கம் வந்ததே இல்லை. அதைப் படித்துவிட்டு ஆப்ரின் அழுதாளாம்.

"நான் அழல அக்கா," என்றாள் வலேரி. "அப்ப எங்கயோ இருக்குல்லன்னு நெனச்சேன்."

கெமோராவின் புதுப் பதிப்புகள் வந்துகொண்டே இருந்தன. தீவு பெரிதாகி வண்ணத்தில் வந்தது, பிராணிகள் கூடின. ஒவ்வொன்றிலும் நூற்று இருபத்தோராவது இடம் மட்டும் அப்படியே காலியாக இருந்தது. இருவரும் படிப்பு முடித்து ஜொகூர் பாருவுக்கு வந்தபிறகும், ஆளுக்கொரு மெஷின் வைத்துக்கொண்டு ஒவ்வொரு பதிப்பையும் விளையாடினார்கள். வலேரி ஒரு அலுவலகத்தில் வேலைக்குச் சேர்ந்தாள். ஆப்ரின் மேல்படிப்பில் இருந்தாள்.

இரண்டாயிரத்துப் பத்து டிசம்பரில் அந்தச் செய்தி வந்தது. சிங்கப்பூரில் ஒரு பேரங்காடியில் பத்து, பதினொன்று, பன்னிரண்டு மூன்று நாளும் நிவி கொடுக்கிறார்கள். வலேரி லீவு போட்டாள். ஒன்பதாம் தேதி மத்தியானம் கிளினிக்கில் யாருக்கோ மருந்து எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்த மரியநாதன் கீழே விழுந்தார். பக்கவாதம். வலது பக்கம் முழுக்கப் போய்விட்டது.

சிகாமட் ஆஸ்பத்திரிக்கு ஓடும் அவசரத்திலும், பஸ் நிலையத்தில் காத்திருந்த ஆப்ரினின் கையில் தன் மெஷினைக் கொடுத்தாள் வலேரி. "முடிஞ்சா எனக்கும் வாங்கிட்டு வாடி. முடியலன்னா பரவால்ல," என்றாள்.

பதினாலாம் தேதி ஆப்ரின் ஆஸ்பத்திரிக்கு வந்தாள். கையில் ஒரு பை ஆரஞ்சு, இன்னொரு கையில் வலேரியின் மெஷின். மெஷினை நீட்டினாள். மூடியைத் திறந்தால் பதிவேட்டில் நூற்று இருபத்தோராவது இடத்தில் வெள்ளையாக ஒன்று தூங்கிக்கொண்டிருந்தது. பக்கத்தில் 'சிங்கப்பூர், டிசம்பர் 2010' என்று இருந்தது. ஐந்து நாளாக ஒரு சொட்டுக் கண்ணீர் விடாமல் இருந்த வலேரி, ஆப்ரினின் தோளில் சாய்ந்து ஓவென்று அழுதாள். கட்டிலில் கிடந்த மரியநாதன் கண்ணைத் திறந்து அந்தத் திரையைப் பார்த்தார்.

"கெ... கெடச்சிருச்சா?" என்று கோணிய வாயால் கேட்டார்.

"கெடச்சிருச்சுப்பா," என்றாள் வலேரி.

அதன்பிறகு அவர் மூன்றரை வருஷம் படுக்கையில் இருந்தார். தோட்டத்து வீட்டைக் காலி செய்துவிட்டு மாசாயில் ஒரு அடுக்குமாடி வீட்டுக்கு வந்தார்கள். அம்மா கெர்ட்ரூடும் வலேரியும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டார்கள். வலேரிக்குக் கூலாயில் ஒரு மாப்பிள்ளை நிச்சயமாகியிருந்தது. அப்பாவை எங்காவது பராமரிப்பு இல்லத்தில் விட்டுவிட்டு வரச் சொன்னார்கள் மாப்பிள்ளை வீட்டார். முடியாது என்றாள். அது அத்தோடு நின்றது. வேறு வரனை அவளும் தேடவில்லை, யாரும் அவளுக்காகத் தேடவில்லை. அலுவலகச் சம்பளம் போதாமல் சிங்கப்பூர் தொழிற்சாலைக்கு மாறினாள். பகலெல்லாம் வேலை, வந்தால் அப்பாவுக்குக் கஞ்சி, உடம்பு துடைப்பது, புரட்டிப் படுக்க வைப்பது. அதற்கு நடுவில் நிவியை ஒரு முறை பார்ப்பாள்.

புது மெஷின் வரும்போதெல்லாம் பழையதிலிருந்து நிவியைப் புதியதற்கு அனுப்ப வேண்டும். அனுப்பிவிட்டால் திரும்ப வராது. நடுவில் கரண்டு போனாலோ மெஷின் நின்றாலோ போனது போனதுதான். மூன்று முறை அப்படி மாற்றியிருக்கிறாள். மூன்று முறையும் மாதா படத்துக்கு முன்னால் மெழுகுவர்த்தி ஏற்றி வைத்துவிட்டுத்தான் பொத்தானை அழுத்தினாளாம். இரண்டாவது முறை, அப்பாவின் நாற்பதாம் நாள் பூசை முடிந்து வீட்டுக்கு வந்த சாயங்காலம்.

ஆப்ரினுக்கு அதற்குள் கல்யாணம் ஆகிவிட்டது. தங்காக்கில் துணிக்கடை வைத்திருக்கும் நவ்சாத் மாப்பிள்ளை. தோழிகள் பார்த்துக்கொள்வது குறைந்து, பெருநாளுக்கும் கிறிஸ்மஸுக்கும் வாழ்த்து அனுப்புவதோடு நின்றது. "ஆனா அவ செஞ்சத நான் மறக்க மாட்டேன் அக்கா," என்று வலேரி என்னிடம் எத்தனையோ முறை சொல்லியிருக்கிறாள்.

இரண்டாயிரத்து இருபத்து நாலு பிப்ரவரியில் ஒரு காலை, பஸ்ஸில் உட்கார்ந்ததும் சிரித்த முகமாக ஒரு செய்தி சொன்னாள். கம்பெனிக்காரர்கள் இணையத்தில் பெரிய பெட்டகம் ஒன்று வைத்திருக்கிறார்கள். பழைய மெஷின்களில் உள்ள பிராணிகளை அதில் ஏற்றிவிட்டால் என்றைக்கும் இருக்கும். ஆனால் பழைய மெஷினுக்கும் பெட்டகத்துக்கும் நடுவே உள்ள பாதையை ஏப்ரல் ஐந்தாம் தேதி மூடப் போகிறார்கள்.

"இவ்வளவு நாள் சோம்பேறித்தனமா இருந்துட்டேன். ஏத்திட்டா அப்புறம் மெஷின் உடைஞ்சாலும் கவலை இல்ல அக்கா," என்றாள்.

"ஏத்துனா தினம் இப்படிப் பார்க்க முடியுமா?"

"போன்லயே பார்க்கலாம் லா."

மார்ச் இரண்டாவது சனிக்கிழமை ஏற்றிப் பார்த்தாள். திங்கட்கிழமை பஸ்ஸில் அவள் முகத்தைப் பார்த்தே எனக்குத் தெரிந்துவிட்டது.

"ஏத்துக்க மாட்டேங்குது அக்கா. 'இந்தப் பிராணி ஏற்கெனவே பெட்டகத்தில் பதிவாகியுள்ளது'ன்னு வருது. பன்னெண்டு தடவை போட்டுப் பார்த்துட்டேன்."

அந்த வாரக் கடைசியில் அவளோடு நானும் போனேன். ஜொகூர் பாருவில் ஒரு பிளாசாவின் மூன்றாவது மாடியில் மனோகரன் என்பவர் பழைய விளையாட்டு மெஷின்கள் விற்கிறார், பழுதும் பார்க்கிறார். கேசட்டை வாங்கித் தன் கம்ப்யூட்டரில் செருகி வெகுநேரம் பார்த்தார். பிறகு நாற்காலியைத் திருப்பிப் போட்டு உட்கார்ந்தார்.

"சிஸ்டர், ஒவ்வொரு நிவிக்கும் பொறக்கும்போதே ஒரு நம்பர் உண்டு. நம்ம அடையாள அட்டை, ஐசி நம்பர் மாதிரி. ஒன்னுக்கு இருக்கிறது இன்னொன்னுக்கு இருக்காது. உங்க நிவியோட நம்பர்ல இன்னொரு நிவி ஏற்கெனவே பெட்டகத்துக்குள்ள இருக்கு. ரெண்டுல ஒன்னு நகல்."

"என்னோடது நகல் இல்ல. என் ப்ரெண்டு நேரா போய் வரிசையில நின்னு வாங்கிட்டு வந்தா."

"அப்ப உங்ககிட்ட இருந்து யாரோ நகல் எடுத்திருக்கணும். மெஷினை யாருக்காச்சும் குடுத்தீங்களா?"

"யாருக்குமே குடுத்ததில்ல."

மனோகரன் கேசட்டைக் கழற்றி அவளிடம் நீட்டினார். பிறகு ஒரு வழி சொன்னார். அந்த முகாமில் நிவி வாங்கிய ஒவ்வொருவருக்கும் ஒரு அட்டை கொடுத்தார்களாம். எந்த ஆட்டத்தில் ஏற்றினார்களோ அந்த ஆட்டக்காரரின் பெயரும், நிவியின் எண்ணும் அதில் இருக்கும். அந்த அட்டையைப் படம் எடுத்து அனுப்பினால் கம்பெனி விசாரித்து நகலை நீக்கிவிட்டு அசலை ஏற்றுக்கொள்ளும்.

"அட்டை உங்க ப்ரெண்டுகிட்ட இருக்கும். கேட்டுப் பாருங்க," என்றார்.

"அவ ஒரு சீட்டைக்கூடத் தூக்கிப் போட மாட்டா," என்றாள் வலேரி. படி இறங்கும்போது அவள் நடையில் வேகம் வந்துவிட்டது.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. என் பழைய விவா காரில் இருவரும் தங்காக் போனோம். நோன்பு மாதம் தொடங்கிவிட்டதால் துணிக்கடைத் தெரு முழுக்கக் கூட்டம். பெருநாள் உடுப்புக்குத் துணி எடுக்க எங்கெங்கிருந்தோ வந்திருந்தார்கள். நவ்சாத் கழுத்தில் அளவு நாடாவோடு நின்றபடியே எங்களைப் பார்த்துச் சிரித்து, மாடிப்படியைக் கைகாட்டினார். ஆப்ரின் படியிலேயே வந்து வலேரியைக் கட்டிக்கொண்டாள்.

"எத்தனை வருஷமாச்சுடி! ஒரு போன் அடிச்சிருந்தா சமைச்சு வச்சிருப்பேன்ல!"

"நீ நோன்பு. எங்களுக்காக அடுப்பு மூட்டாத."

அதைக் கேட்காமல் ஆப்ரின் எங்கள் இருவருக்கும் தேநீர் போட்டுக் கொண்டுவந்தாள். மாடி வீட்டுக் கூடத்தில் ஆப்ரினின் மகள் ஷாஸியா, ஒன்பது வயது, பாயில் குப்புறப் படுத்துக்கொண்டு தொலைக்காட்சியில் விளையாடிக்கொண்டிருந்தாள். அதுவும் கெமோராதான், புதுப் பதிப்பு.

வலேரி நடந்ததை எல்லாம் சொன்னாள். பெட்டகம், நகல், மனோகரன், அட்டை. சொல்லச் சொல்ல ஆப்ரின் தன் துப்பட்டாவின் நுனியைத் திருகிக்கொண்டே இருந்தாள்.

"அந்த அட்டையெல்லாம் இப்ப எங்கடி இருக்கும்..." என்றாள்.

"நீ வச்சிருப்பே. எனக்குத் தெரியும். பாருடி."

ஆப்ரின் உள்ளே போனாள். திரும்பி வர ரொம்ப நேரமாயிற்று. கையில் ஒரு பிஸ்கட் டின். பள்ளிக்கூடப் பேட்ஜ், பழைய ரயில் டிக்கெட்டுகள், அவளுடைய அத்தாவின் கடை முத்திரை எல்லாம் அதில் இருந்தன. அடியிலிருந்து ஒரு நீல அட்டையை எடுத்து வலேரியிடம் கொடுத்தாள். கொடுத்துவிட்டு உட்காராமல் நின்றாள்.

வலேரி அட்டையைப் படித்தாள். மறுபடியும் படித்தாள்.

"ஏண்டி உன் பேரு போட்டிருக்கு?"

கீழே கடையில் யாரோ ஒரு பெண் மலாயில் பேரம் பேசுவது கேட்டது. ஆப்ரின் சுவரோரமாக உட்கார்ந்தாள்.

"ரெண்டு மெஷினையும்தான் கொண்டு போனேன். வரிசையில ஆறு மணி நேரம். என் முறை வந்ததும் ஒரு ஆளுக்கு ஒன்னுதான்னு சொல்லிட்டாங்க. உன்னோடதும் என்னோடதும் ரெண்டு கையிலயும் இருக்கு. எந்த மெஷின்னு அந்தப் பொண்ணு கேக்குறா. பின்னாடி அத்தனை பேரு தள்ளுறாங்க. நானும் அந்தக் கலங்கரை வெளக்கச் சுத்துனவதானேடி. என் கை என்னோடத நீட்டிருச்சு."

வலேரி அட்டையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பஸ்ல வரும்போதெல்லாம் அழுதேன். உங்கப்பா அப்படிக் கெடக்கும்போது வெறுங்கையோட எப்படி வந்து நிக்கிறது? லார்கின் பஸ் ஸ்டேஷன்ல ஒரு கடைக்காரன், இத மாதிரியே இன்னொன்ன உன் மெஷின்ல நகல் எடுத்துத் தர்றேன்னான். நீ பார்த்தா தெரியவே தெரியாதுன்னான்."

"எவ்வளவு நேரம் ஆச்சு?"

"என்னது?"

"நகல் எடுக்க."

"அரை மணி நேரம் இருக்கும்."

"அரை மணி நேரம்," என்று வலேரி திரும்பச் சொன்னாள்.

"சொல்லிரலாம்னுதான் ஆஸ்பத்திரிக்கே வந்தேன். நீ அதப் பார்த்துட்டு அந்த அழுகை அழுத. உங்கப்பாவும் கேட்டாங்க. அதுக்கப்புறம் எப்படிடி சொல்றது? உன்னோடதுல அசல மாத்தி வச்சிரணும்னு எத்தனையோ தடவை நெனச்சேன். கல்யாணம் வந்துச்சு. அலமாரியில போட்டு மறந்தே போயிட்டேன். பத்து வருஷத்துக்கு மேல நான் அதத் தொறக்கவே இல்ல. போன வருஷம் இவ விளையாட ஆரம்பிச்சதும்தான் ஞாபகம் வந்து, பெட்டகத்துல ஏத்தி இவளுக்குக் குடுத்தேன்." சட்டென்று நிமிர்ந்தாள். "வலேரி, அசல் இங்கதான் இருக்கு! இப்பவே மாத்திக்கலாம். நீ எடுத்துக்க. ஷாஸி! இங்க வா. உனக்கு அம்மா ஒரு வெள்ளைக் குட்டி குடுத்தேன்ல, தூங்கிக்கிட்டே இருக்குமே, அத எடு."

வலேரி நிமிர்ந்து பார்த்தாள். அவள் முகத்தில் அந்த நேரத்தில் வந்த வெளிச்சத்தை நான் பார்த்தேன். பார்க்காமல் இருந்திருக்கலாம்.

ஷாஸியா திரையிலிருந்து கண்ணை எடுக்காமல், "அதா? அது எப்பப் பார்த்தாலும் தூங்கிக்கிட்டே இருக்கும்மா. ஒன்னும் பண்ணாது. ஆன்லைன்ல மாத்திட்டேன்," என்றாள்.

"யார்கிட்ட?"

"தெரியல. ஜப்பான் கொடி போட்டிருந்துச்சு. எனக்கு இது குடுத்தாங்க. பாருங்க ஆன்ட்டி, ரெண்டு தலை!"

திரையில் சிவப்பாக, பெரிய இறக்கைகளோடு ஒன்று நின்று உறுமியது. ஆப்ரின் மகளின் தோளைப் பிடித்து உலுக்கப் போனாள். வலேரி அவள் கையைப் பிடித்துத் தடுத்தாள். பிறகு பிள்ளையின் பக்கத்தில் பாயில் உட்கார்ந்தாள்.

"நல்லா இருக்கே. ரெண்டு தலையும் நெருப்பு விடுமா?"

"ஒன்னுதான் விடும் ஆன்ட்டி. இன்னொன்னு சும்மா."

"அப்படியா?" என்றாள் வலேரி.

அந்தத் தேநீரை அவள் முழுதும் குடித்துவிட்டுத்தான் எழுந்தாள். புறப்படும்போது ஆப்ரின் கட்டிக்கொண்டு அழுதாள். வலேரி அவள் முதுகைத் தடவிக் கொடுத்தாள். நவ்சாத் வேண்டாம் வேண்டாம் என்று சொல்லியும் இரண்டு பேருக்கும் துணிப் பொட்டலம் கட்டிக் கொடுத்தார்.

திரும்பும் வழியில் ஆயர் ஈத்தாம் வந்தது. பெட்ரோல் போட நிறுத்தினேன். ஏதாவது சொல்ல வேண்டும்போல இருந்தது.

"நகலா இருந்தா என்னம்மா? பதிமூணு வருஷமா வச்சுக் காப்பாத்துனது நீதானே. மெழுகுவத்தி ஏத்துனது நீதானே. அது உன்னோடதுதான்."

"அதத்தான் அக்கா நானும் எனக்குச் சொல்லிப் பார்க்கிறேன். நிக்க மாட்டேங்குது." கண்ணாடிக்கு வெளியே பார்த்தாள். "அப்பா கெடச்சிருச்சான்னு கேட்டாங்கல்ல. நான் கெடச்சிருச்சுன்னு சொன்னேன்."

"அன்னைக்கு உனக்குத் தெரியாதே."

"ஆப்ரினுக்குத் தெரியும். பக்கத்துலயே நின்னா."

இன்னும் என்ன சொல்லித்தான் என்ன பயன் என்று தோன்றியது. காரைக் கிளப்பினேன்.

ஆப்ரின் தன்னால் ஆனதை எல்லாம் செய்தாள். ஷாஸியாவின் கணக்கில் அந்த ஜப்பான்காரரின் பெயரைத் தேடினாள். நாலு எழுத்துப் புனைபெயர் ஒன்று இருந்தது. அதற்குச் செய்தி அனுப்ப வழியில்லை. இணையத்தில் கெமோரா விளையாடுகிறவர்கள் கூடும் இடங்களிலெல்லாம் எழுதிப் போட்டாள். ஏழெட்டுப் பேர் பதில் போட்டார்கள். எல்லாரும் வேறொரு நிவியை நகலெடுத்துத் தருகிறேன் என்றவர்கள்தான்.

வலேரி கம்பெனிக்கு ஒரு கடிதம் எழுதினாள். என்னிடம் படித்துக் காட்டினாள். தன்னிடம் இருப்பது நகல் என்று முதல் வரியிலேயே ஒப்புக்கொண்டிருந்தாள். தோழி வரிசையில் நின்றது, அட்டை இருப்பது, அசல் கைமாறிப் போனது எல்லாவற்றையும் ஒளிக்காமல் எழுதி, வேறு எண் போட்டாவது இதை ஏற்றுக்கொள்ள முடியுமா என்று கேட்டிருந்தாள்.

"இத எழுதாம அசல்னு சாதிச்சிருக்கலாமே?" என்றேன்.

"அட்டையில அவ பேரு இருக்கு அக்கா. அதோட, பொய் சொல்லி ஏத்துனா திரும்பவும் பொய்தானே."

மார்ச் கடைசியில் பதில் வந்தது. மரியாதையான கடிதம். அவளுடைய நீண்டகால ஆதரவுக்கு நன்றி. நகல்களை எந்தச் சூழலிலும் ஏற்க இயலாது. வருந்துகிறோம்.

ஏப்ரல் ஐந்தாம் தேதி வெள்ளிக்கிழமை. மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் கேன்டீனில் என் எதிரே உட்கார்ந்து, சோற்றைத் தொடாமல் மெஷினைத் திறந்து வைத்திருந்தாள். பெட்டகத்துக்குப் போகும் பாதையைத் தொட்டாள். 'சேவை நிறைவடைந்தது' என்று வந்தது. ஒருமுறை மட்டும் தொட்டாள். மூடிவிட்டுச் சாப்பிட்டாள்.

அதன்பிறகு மெஷினை அவள் பஸ்ஸுக்குக் கொண்டுவரவில்லை. மற்றவர்களைப் போல ஏறியதும் தூங்கத் தொடங்கினாள். கஸ்டத்தில் நான் தோளைத் தட்டி எழுப்ப வேண்டியிருந்தது. ஜூலையில் கெர்ட்ரூட் அம்மா எனக்கு போன் செய்தார்கள். மேசை இழுப்பறையில் மெஷினின் பேட்டரி உப்பி மூடி பிளந்துகொண்டு நிற்கிறதாம், வெடித்துவிடுமோ என்று பயமாக இருக்கிறதாம். வலேரியிடம் சொன்னேன்.

"மனோகரன்கிட்ட குடுத்தா பேட்டரிய மாத்திக் குடுப்பாரும்மா. சும்மா விட்டா உள்ள இருக்கிறதும் போயிடும்னு அன்னைக்கே சொன்னாரே."

"மாத்தி?" என்றாள்.

கோபமாகக் கேட்கவில்லை. உண்மையாகவே பதில் தெரியாமல் கேட்டாள்.  அடுத்த ஞாயிறு பூசைக்குப் போகும் வழியில் குடியிருப்புத் தாமானில் மின்சாமான் கழிவு போடும் தொட்டியில் அதைப் போட்டுவிட்டதாக அம்மா பிறகு சொன்னார்கள். கேசட்டோடு போட்டாளா, கழற்றி வைத்துக்கொண்டாளா என்று அவர்களுக்குத் தெரியவில்லை. நானும் வலேரியிடம் கேட்கவில்லை.

ஆப்ரின் மாதம் ஒரு முறையாவது செய்தி அனுப்புகிறாள். வலேரி பதில் போடுகிறாள். நல்லா இருக்கேன், அம்மா நல்லா இருக்காங்க, ஷாஸியா எப்படி இருக்கா. அவ்வளவுதான். சண்டை என்று ஒன்று வந்திருந்தால் என்றைக்காவது தீர்ந்திருக்கும். அவர்களுக்குள் அப்படி ஒன்றும் வரவில்லை.

செப்டம்பரில் வலேரி எழுதிக் கொடுத்து இரவு ஷிப்ட்டுக்கு மாறிக்கொண்டாள். என்னிடம் முன்கூட்டிச் சொல்லவில்லை. ஒரு திங்கட்கிழமை அவள் இடத்தில் சூப்பர்வைசர் வேறொரு பெண்ணை உட்காரச் சொன்னபோதுதான் தெரிந்துகொண்டேன். நான் வேலைக்குப் போகும் நேரத்தில் அவள் வேலை முடிந்து கிளம்புவாள். ஒன்றிரண்டு முறை தொழிற்சாலை வாசலில் பார்த்திருக்கிறேன். "சாப்டீங்களா அக்கா?" என்பாள். "ஆச்சும்மா, நீ?" என்பேன். பஸ் புறப்படும் என்று ஓடிவிடுவாள்.